செல்லம்மா வாய மூடல

செல்லம்மாவ எவனாச்சும் 'ஒப்பாரிக்காரி'ன்னு சொன்னா எனக்கு பத்திக்கினு வரும். அவ மீன்காரி. காலடிப்பேட்டை மார்க்கெட்டுல என் கூடைக்குப் பக்கத்துக் கூடை அவளோடது. சங்கரா, காரப்பொடி, கெடைச்சா நண்டு. முகத்துவாரக்குப்பத்துல பொறந்து, அங்கியே வாக்கப்பட்டு, அங்கியே தாலியறுத்தவ. சாவு வூட்டுல பாடுவா, இல்லன்னு சொல்லல. ஆனா கூலிக்கு மாரடிக்கிற ஆளு இல்ல. கூப்புட்டாலும் போவா, கூப்புடலன்னாலும் போவா, ஒரு வாய் டீ கூட குடிக்காம வந்துடுவா. நான் வரலட்சுமி, அவளோட தோஸ்து. அவள பத்தி நான் சொல்லாம வேற எவ சொல்றது?

அவ பாட்டுல பொய் இருக்காது. மத்தவளுங்க எல்லாம் செத்தவன் எப்பேர்ப்பட்ட சோமாறியா இருந்தாலும் 'மன்னவனே, மகராசனே'ன்னு ஆரம்பிச்சிடுவாளுங்க. செல்லம்மா அப்டி இல்ல. அவ புருசன் வேலப்பன் குடிச்சிக் குடிச்சே செத்தான். பொணத்துத் தலமாட்டுல குந்திக்கினு அவ எடுத்தா பாரு:

"காலையில எழுந்து நீ கடைக்குப் போன ராசா
கடலுக்குப் போனது எந்த நாளு?
சட்டியில சோறு நான் தேடி நின்ன வேளையில
பாட்டிலுக்கு கொறவில்ல எந்த நாளும்!"

சாவு வூடே வாயப் பொளந்துகினு நின்னுச்சி. மாமியாக்காரி மயக்கம் போட்டுட்டா. பாடி முடிச்சிட்டு அந்த ஆளு மேல வுழுந்து செல்லம்மா அழுதா பாரு, அந்த மாரி அழுகைய நான் அதுக்கு முன்னாடியும் பாத்ததில்ல, அப்பாலயும் பாத்ததில்ல. திட்டுனதும் நெசம், அழுததும் நெசம். அன்னிலேருந்து குப்பத்துல எல்லாருக்கும் தெரியும், செல்லம்மா ஒப்பாரியில ஒண்ணு சொன்னா அத்து அப்டியேதான்.

எங்க குப்பத்துல ரெண்டு வழக்கம் கீது. ஒப்பாரியில சொன்ன வார்த்தைக்குப் பஞ்சாயத்து கெடையாது. 'நீ எப்டி என்ன அப்டி சொல்லலாம்'னு நாளைக்கு எவனும் சட்டையப் புடிக்க முடியாது. ரெண்டாவது, ஒப்பாரி எடுத்துட்டா அத்து முடியற வரிக்கும் பாடையில எவனும் கை வெக்க மாட்டான். பாதி ஒப்பாரியில தூக்குனா செத்தவன் திரும்பிப் பாப்பான்னு பயம். பெரிய பெரிய ரவுடிப் பசங்க கூட அந்த எடத்துல கம்முனு நிப்பானுங்க.

மார்க்கெட் முனையில வேதமாணிக்கம் அண்ணாச்சியோட இரும்புக்கடை கீது. நாகர்கோயில் பக்கத்து ஆளு. அவரு பொண்ணு மகிமா காலேஜுல வேல செய்யுது. பைபிள் மொதமொதல்ல கிரேக்க பாஷையில எழுதுனதாமே, அந்தப் பாஷையத்தான் அந்தப் பொண்ணு படிச்சிருக்கு. அந்த நாட்டுப் பழைய காலத்துப் பொம்பளைங்க எப்டி ஒப்பாரி வெச்சாங்கன்னு ஆராய்ச்சி. நல்ல வெயில்ல, யாவாரம் ஓய்ஞ்சி ஐஸ் கரைஞ்சிக்கினு கெடக்குற நேரத்துல, செல்லம்மா பாட்டப் புடிக்க போனத் தூக்கிக்கினு வந்து எங்க நடுவுல குந்திடும்.

"ஏன் கண்ணு, அந்த ஊருல சாவே வுழலியா? எங்க சாவுக்கு வந்து நிக்கிற?"ன்னு செல்லம்மா மொதநாளே கேட்டுட்டா.

மகிமாவுக்கு சிரிப்பு. "அங்க நெறைய விழுந்துச்சுக்கா. ஆனா பொம்பளைங்க பாடுன பாட்ட ஒருத்தரும் எழுதி வெக்கல. பாடக் கூடாதுன்னு போட்ட சட்டத்த மட்டும் பத்திரமா எழுதி வெச்சிருக்காங்க."

"சட்டமா? அழுவறதுக்கா?"

"ஆமாக்கா. ரெண்டாயிரத்து ஐந்நூறு வருசத்துக்கு முன்னாடி. கன்னத்தக் கீறிக்கக் கூடாது. பாட்டு கட்டிப் பாடக் கூடாது. ஒறவு இல்லாத பொம்பளை சாவு வீட்டுக்குள்ள வரக் கூடாது. சூரியன் வர்றதுக்கு முன்னாடி எடுத்துடணும், ஆம்பளைங்க முன்னாடி, பொம்பளைங்க பின்னாடி. ஒரு தீவுல கல்லுலயே வெட்டி வெச்சிருக்காங்க, பொணத்த மூடி, சத்தமில்லாம கொண்டு போகணும்னு."

செல்லம்மா கையில இருந்த கத்திய கீழ வெச்சிட்டா. "எதுக்கு? அவனுங்களுக்கு இன்னா வலிச்சிச்சி?"

"அழுகையில பேரு வந்துடும்லக்கா. யாரால செத்தான், எவன் ஏமாத்துனான்னு. அதக் கேட்டுட்டு பழி வாங்கக் கெளம்பிடுவாங்கன்னு பயம். அப்படித்தான் படிச்சவங்க சொல்றாங்க."

"பயம்னு சொல்லு" அப்டின்னா செல்லம்மா. அவளுக்கு அந்த ஒரு வார்த்தையே போதுமா இருந்துச்சி.

இன்னொரு நாளு நாடகத்தப் பத்தி சொல்லிச்சி. அந்த நாட்டுல மலைச்சரிவுல ஊரே குந்திக்கினு நாடகம் பாக்குமாம். அந்த நாடகத்துல ராணிங்களும் அடிமைப் பொம்பளைங்களும் தலைய விரிச்சிப் போட்டு ஒப்பாரி வெப்பாங்களாம். ஆனா அத்தன பொம்பளை வேசமும் ஆம்பளைங்கதானாம், மூஞ்சில முகமூடி மாட்டிக்கினு.

"அடப் பாவிங்களா!"ன்னு செல்லம்மா கூடையில ஒரு தட்டு தட்டுனா. "எங்கள அழுவாதன்னு சொல்லிட்டு, எங்க அழுகைய புடுங்கிக்கினு போயி, வேசம் கட்டி அவனே அழுதானா? ஊரக் கூட்டியா? கைதட்டு வேற வாங்கியிருப்பானே!"

"பரிசே வாங்கியிருக்காங்கக்கா."

மீன் வாங்க வந்தவங்க எல்லாம் திரும்பிப் பாக்குற மாரி நாங்க சிரிச்சோம். ஆனா அந்த நாட்டுப் பெரிய போர்க்கதைய பத்தி சொன்னப்ப செல்லம்மா சிரிக்கல. அந்தக் கதை ஜெயிச்சவன் கொண்டாட்டத்துல முடியலியாம். தோக்கப் போற ஊருல, செத்துப் போன ஒரு வீரனச் சுத்தி பொம்பளைங்க ஒருத்தி மாத்தி ஒருத்தி ஒப்பாரி வெக்கறதுல முடியுதாம்.

"எதிரி ஊரு பொம்பளைங்களா?"

"எதிரி ஊருதான்க்கா."

"அத்த எழுதுனவன் மனுசன்"னு சொல்லிட்டு, கூடையிலேயே பெருசா இருந்த நண்ட எடுத்து மகிமா பையில போட்டா. துட்டு குடுக்க வந்தத கண்டுக்கவே இல்ல.

அப்பால அந்த நாட்டுக்கு சர்ச்சு வந்துச்சாம். பிஷப்புங்க வந்தாங்களாம். அவங்களும் இதே பாட்டு. அழுவறதுக்கு ஆளு கூப்புட்டா கோயிலுக்குள்ள வுட மாட்டேன், தலைய விரிச்சா பாவம், மாரடிச்சா பாவம். மொதல்ல போட்ட சட்டத்துக்கு அப்பால ஆயிரம் வருசம், அதுக்கும் மேல, திட்டிக்கினே இருந்தாங்களாம்.

செல்லம்மா வெத்தலையத் துப்பிட்டுத் திரும்புனா. "ஆயிரம் வருசம் திட்டுனானுங்களா? அப்போ ஆயிரம் வருசமா அவளுங்க நிறுத்தலன்னுதான அர்த்தம்? நிறுத்தியிருந்தா எவன் திட்டப் போறான்?"ன்னா.

மகிமா அவசரமா போன எடுத்து அத்த திரும்பச் சொல்லச் சொல்லிச்சி. "ஒரு தபா சொன்னா போதாதா, போ கண்ணு"ன்னு செல்லம்மா தண்ணி தெளிக்கப் போயிட்டா.

இத்தெல்லாம் மார்க்கெட்டுல பேசி சிரிச்ச கதைன்னுதான் நான் நெனச்சிக்கினு இருந்தேன். வெற்றி சாவுற வரிக்கும்.

வெற்றி செல்லம்மாவோட தம்பி. அம்மா சீக்கிரம் போயிட்டதால இவதான் தூக்கி வளத்தா. அக்கா புருசன் குடிச்ச குடிய கண்ணால பாத்து, சாராயத்தத் தொடவே மாட்டேன்னு இருந்தவன். கல்யாணத்துல சிநேகிதனுங்க வாயில ஊத்த வந்தப்ப கூட ஓடிட்டான். அவன் வேல செஞ்சது மனோகரன் படகுல. மனோகரன்தான் எங்க குப்பத்துத் தலைவரு, நாலஞ்சி ஃபைபர் படகு வெச்சிருக்கான். அந்தப் படகு இஞ்சினு ஒரு வாரமா நின்னு நின்னு ஓடிக்கினு இருந்துச்சி. வெற்றி சொன்னான். "இந்த நடைய முடி, அப்பால பாக்கலாம்"ன்னு மனோகரன் அனுப்பிட்டான். முகத்துவாரத்துல மண்ணு மேடிட்டு அல தூக்குற எடத்துல இஞ்சினு நின்னு போச்சி. படகு கவுந்துச்சி. கூடப் போன பொன்ராஜ் நீஞ்சி வந்துட்டான். வெற்றிய மறுநாளுதான் கடலு குடுத்துச்சி.

ஆஸ்பத்திரியில அறுத்துக் கட்டிக் குடுத்தாங்க. ரிப்போட்டு வர நாளாவும்னாங்க. அத்து வரதுக்குள்ள மனோகரன் ரிப்போட்டு ஊரு பூரா வந்துடுச்சி. வெற்றி தண்ணி போட்டுட்டுப் படகு ஓட்டுனான், போதையில கவுத்துட்டான். பொன்ராஜ் வாயத் தொறக்கல. அவன் பொயப்பே மனோகரன் படகுதான். வெற்றி பொண்ணு மலிகா எட்டாவது படிக்குது. பொணம் வூட்டுக்கு வரதுக்கு முன்னாடியே தெருவுல ஒரு பையன் அந்தப் புள்ளைய கேட்டுட்டான், "உங்கப்பன் குடிச்சிட்டு செத்தானாமே?"ன்னு. அந்தப் புள்ள உள்ள ஓடி வந்து செல்லம்மா மடியில மூஞ்சிய பொதைச்சிக்கிச்சி. செல்லம்மா அந்தப் புள்ள முதுகத் தடவிக் குடுத்தா.

செல்லம்மா ஒப்பாரியில இன்னா சொல்லுவாளோன்னு மனோகரனுக்கு பயம் வந்திருக்கும் போல. கோயிலு மைக்கு கரகரன்னுச்சி, மனோகரன் கொரலு. "குப்பத்து மக்களுக்கு அறிவிப்பு. நம்ம சாவுல பொம்பளைங்க அழுவறத போன்ல புடிச்சிப் போட்டு ஊரே சிரிக்கிது. இனிமே நாகரிகமா நடந்துக்கணும். ஒப்பாரி கெடையாது. விடியறதுக்கு முன்னாடி எடுத்துடணும். பொம்பளைங்க வாயத் தொறக்காம பின்னாடி வரணும். மீறுனா ஊரு ஒதுக்கி வெக்கும்."

சாவுக்கு வந்திருந்த மகிமாவுக்கு மூஞ்சி வெளுத்துப் போச்சி. "அக்கா... அதே சட்டம்"ன்னுச்சி மெதுவா. "சூரியன் வர்றதுக்கு முன்னாடி, சத்தமில்லாம, பொம்பளைங்க பின்னாடி. அப்படியே அதே சட்டம்க்கா."

"சட்டம் அதேன்னா, பயமும் அதேதான்" அப்டின்னா செல்லம்மா.

மகிமா அவ கையப் புடிச்சிக்கிச்சி. "வேணாம்க்கா. ஒதுக்கி வெச்சிடுவாங்க. நாளைக்கு ரேகாவும் இந்தப் புள்ளையும் இங்கதான இருக்கணும்?" ரேகா வெற்றி பொண்டாட்டி. மூலையில சுருண்டு கெடந்தா. செல்லம்மா அவகிட்ட போயி குந்துனா.

"இன்னா சொல்ற ரேகா? உன் புருசன். நீ வேணாம்னா நான் வாயத் தொறக்கல."

ரேகா எழுந்து குந்தி, கண்ணத் தொடச்சிக்கினு சொன்னா: "குடிகாரன் பொண்டாட்டின்னு நான் இருந்துட்டுப் போறேன்க்கா. குடிகாரன் புள்ளன்னு இவ இருக்கக் கூடாது."

விடியக்காத்தால எடுத்தாங்க. மேளம் கெடையாது, பட்டாசு கெடையாது. மனோகரன் முன்னாடி வெள்ள வேட்டியில கெத்தா நடக்குறான். நாங்க பின்னாடி வாயப் பொத்திக்கினு போறோம். செல்லம்மாவும்தான். எனக்கே ஒரு மாரி ஆயிடுச்சி. ச்சே, இவளும் அடங்கிட்டாளேன்னு மனசுக்குள்ள திட்டிக்கினே வந்தேன்.

சுடுகாட்டுக்குப் பாதி வழியில பாடைய எறக்கி, தல கால் மாத்தித் திருப்புற எடம் ஒண்ணு கீது. அதோட பொம்பளைங்க வூட்டுக்குத் திரும்பிடணும். பாடைய எறக்கி வெச்சானுங்க. செல்லம்மா கூட்டத்த வெலக்கிக்கினு முன்னாடி போனா. முடிய அவுத்து வுட்டா. பாடைப் பக்கத்துல மண்ணுல குந்துனா.

"கடலு உன்ன கொல்லலியே, எந்தம்பி, எந்தம்பி
கள்ளு உன்ன கொல்லலியே!
நின்னு நின்னு ஓடுதுன்னு நீ சொன்ன இஞ்சினத்தான்
நேராக்கத் தலைவனுக்கு நேரமில்லையே!"

"தூக்குங்கடா!"ன்னு மனோகரன் கத்துனான். ஒருத்தனும் குனியல. "டேய் பொன்ராஜ், தூக்குடா!" பொன்ராஜ் முன்பக்கம் தோள் குடுத்து வந்தவன். பாடையப் பாத்தான், மனோகரனப் பாத்தான்.

"அக்கா முடிக்கட்டும்"ன்னான்.

செல்லம்மா அவன் பக்கம் திரும்பல. அவ பாட்டுக்குப் போய்க்கினு இருந்தா.

"குடிச்ச எம்புருசன குடிகாரன்னு பாடுனவ,
குப்பமே நீ கேட்டியே!
குடிக்காத எந்தம்பிய குடிகாரனா அனுப்ப
கொரல மூடிப் போவேனோ?"

ஒப்பாரிக்கு எதிர்க்கொரலு வேணும். ஒருத்தி எடுத்தா மத்தவங்க வாங்கணும், இல்லன்னா அத்து நிக்காது. என்னை அறியாம நான் வாங்கிட்டேன். என்ன ஒதுக்கி வெச்சா வெச்சிக்கோ, போ! ரேகா வாங்குனா. அப்பால தெருவே வாங்குச்சி. மகிமாவும் வாங்குச்சி, ராகம் கொஞ்சமும் சேரல, யாரும் அத்த பத்தி கவலப்படல. பொன்ராஜ் தலைல கை வெச்சிக்கினு கீழ குந்தி ஓன்னு அழுதான். "குடிக்கலக்கா. ஒரு வாரமா சொல்லிக்கினு இருந்தான்க்கா"ன்னான். செல்லம்மா முடிச்சி எழுந்து மண்ணத் தட்டிக்கினு, "இப்போ தூக்குங்கப்பா, சூரியன் வந்துடுச்சி"ன்னா.

ஒப்பாரி வார்த்தைக்குப் பஞ்சாயத்து கெடையாது, அதால மனோகரனால அத்த வெச்சி ஒண்ணும் புடுங்க முடியல. தடைய மீறுனதுக்குன்னு சொல்லி செல்லம்மாவ ஒதுக்கி வெச்சான். நல்லது கெட்டதுக்கு அவள கூப்புடக் கூடாதாம். ரிப்போட்டும் வந்துச்சி, சாராயம் இல்லன்னு ரேகாகிட்ட படிச்சிக் காட்டுனாங்க. ஆளப் புடிச்சி அந்தக் காயிதத்த போலீஸ் ஸ்டேசன்லயே மடக்கிட்டு மனோகரன், 'ரிப்போட்டுல எல்லாமா தெரியும்'னு பேசிக்கினு திரிஞ்சான். மூணு சாவு வுழுந்துச்சி, மூணு தபாவும் மைக்குல அதே தடைய சொன்னான். மூணு தபாவும் எவளாச்சும் ஒருத்தி அந்தத் திருப்புற எடத்துல எடுத்தா. ஒவ்வொரு தபா மைக்கு கரகரன்னப்பவும் செல்லம்மாவுக்கு சிரிப்பு தாங்காது. "இன்னும் திட்டறான்டி வரலு. அப்போ நாம ஒயுங்காத்தான் போய்க்கினு கீறோம்."

ஆனா அந்தச் சிரிப்பு வெளிய மட்டும்தான். மலிகா பள்ளிக்கூடம் போற வழியில இன்னும் ஒண்ணு ரெண்டு பேரு கேட்டுக்கினுதான் இருந்தாங்க. தலைவரு வாயால சொன்ன பொய் தலைவரு வாயாலதான் போவணும்னு செல்லம்மா சொல்லிக்கினே இருந்தா.

அப்பால மனோகரனோட அம்மா பாப்பாம்மா செத்துச்சி. தங்கமான மனுசி. வேலப்பன் குடிச்சிட்டு அடிச்ச நாளுல செல்லம்மாவுக்கு வூட்டுக் கதவத் தொறந்து வுட்டது அந்தம்மாதான். சேதி வந்ததும் செல்லம்மா கூடைய அப்டியே போட்டுட்டு கெளம்பிட்டா. ஒதுக்குன ஆளுன்னு அவள தடுக்க யாருக்கும் தில்லு இல்ல.

பந்தலுக்குக் கீழ குப்பத்துப் பொம்பளைங்க அத்தன பேரும் குந்தியிருந்தோம். ஒருத்தி வாயத் தொறக்கல. யாரும் கூடிப் பேசி வெச்சது இல்ல, சத்தியமா. அவன் சட்டம், அவன் வூட்டு சாவு, கம்முனு குந்தியிருந்தோம். அல சத்தம் மட்டும் கேட்டுச்சி. புளியந்தோப்புல வாக்கப்பட்ட மனோகரன் தங்கச்சி ஆட்டோவுலேருந்து எறங்கி ஓடி வந்தா. "அம்மா"ன்னு எடுத்தா. வாங்க ஆளு இல்ல. ரெண்டாவது வரி போனா, கொரலு ஒடஞ்சி நின்னு போச்சி. அண்ணனப் பாத்து, "இன்னாடா இது? எங்கம்மா அனாதப் பொணமா?"ன்னு கத்துனா.

மனோகரன் எங்களப் பாத்தான். வரிசையா பாத்துக்கினே வந்தவன் செல்லம்மாகிட்ட நின்னான். கண்ணு செவந்து கெடந்துச்சி.

"அக்கா... அம்மாவுக்கு ஒரு வார்த்த பாடேன்."

"தடை உன்னுதுதான நைனா?"

"எடுத்துட்டேன்க்கா."

"அத்த நீ எடுத்தா இன்னா, எடுக்காட்டி இன்னா. நான் எப்போ அத்த மதிச்சேன்?" செல்லம்மா குந்துன எடத்த வுட்டு அசையல. அவ கண்ணுலயும் தண்ணி ஓடிக்கினுதான் இருந்துச்சி. "உங்கம்மா எனக்கும் அம்மாதான். அதுக்குப் பாட என் நெஞ்சு முட்டிக்கினு கீது. ஆனா மொதல்ல போயி மைக்குல சொல்லு. எந்தம்பி குடிக்கலன்னு சொல்லு."

தங்கச்சி அவனையே பாத்துக்கினு இருந்தா. அவன் துண்ட எடுத்து மூஞ்சியத் தொடச்சிக்கினு கோயிலு பக்கம் நடந்தான். கொஞ்ச நேரத்துல மைக்கு கரகரன்னுச்சி.

"குப்பத்து மக்களுக்கு... வெற்றி... வெற்றி குடிச்சிருக்கல. இஞ்சினு ரிப்பேரு. அவன் சொன்னான். நான்தான் பாக்கல."

மலிகா ரேகா பக்கத்துல குந்தியிருந்துச்சி. அந்தப் புள்ள தலையத் தூக்கி மைக்கு இருந்த தெசையப் பாத்துச்சி. செல்லம்மா எழுந்து பந்தலுக்கு வெளிய போயி நின்னு, கோயிலப் பாத்து, காலடிப்பேட்டை மார்க்கெட்டுல மீன் விக்கிற கொரலுல கத்துனா:

"அல சத்தத்துல சரியா கேக்கல! இன்னொரு தபா சொல்லு!"

மனோகரன் இன்னொரு தபா சொன்னான். செல்லம்மா உள்ள வந்து முடிய அவுத்து வுட்டு, பாப்பாம்மா தலமாட்டுல குந்துனா. நாங்க எல்லாரும் அவகிட்ட நெருங்கிக் குந்துனோம்.